முடிச்சில் நிற்கும் நேரம்

அன்று காலை கிளாட்வின் குக்கர் கைப்பிடியில் ஆடிக்கொண்டிருந்த திருகைக் கத்தி முனையால் இறுக்கிக் கொடுத்தார். இரண்டு முறை ஆட்டிப் பார்த்தார். ஆடவில்லை. கத்தியைக் கழுவி வைத்துவிட்டு வெளியே போனார். வாசலில் நின்று "போயிட்டு வாறேன்" என்று சொல்லவில்லை. கல்யாணமான நாளிலிருந்தே அதைச் சொன்னதில்லை.

"நான் போறது ஒனக்குத் தெரியுது. திரும்பி வருவேங்கிறதும் தெரியும். பொறவு என்னத்தச் சொல்ல?" என்று முதல் வாரத்திலேயே கேட்டிருந்தார். நான் சிரித்தேன்.

எங்கள் மகள் செலினுக்கு அப்போது ஒரு வயது ஆகவிருந்தது. இடுப்பில் இருந்தவளின் கையைப் பிடித்து, "அப்பாவுக்கு டாட்டா காட்டு" என்று ஆட்டினேன். நான் விட்டதும் கை தொங்கிப்போனது. எதிர்வீட்டுப் பிள்ளைக்கும் அதே வயதுதான். அது டாட்டா காட்டும், கை தட்டும், தன் தாத்தா இருமுவதைப் போல இருமிக்கூடக் காட்டும். செலின் எதையும் பார்த்துச் செய்யவில்லை. அவளுடைய அப்பாவுக்குச் செய்ததை அவளுக்கும் சேர்த்தே செய்துவிட்டார்களோ என்ற பயம் அப்போதே எனக்கு இருந்தது.

செய்தது யார் என்று சொல்கிறேன். அந்த நிறுவனத்தின் பெயர் முன்மதி. கிளாட்வின் ஐந்தாம் வகுப்பில் இருந்தபோது அவர்கள் தூத்துக்குடிக்குத் தெற்கே இருக்கிற அவருடைய கடற்கரை ஊருக்கு வந்தார்கள். பள்ளியில் பிள்ளைகளுக்கு ஓர் ஊசி போட்டார்கள். ஊரில் அதற்குத் தெளிவூசி என்று பெயர். நான் இரண்டு ஊர் தள்ளிப் பிறந்தவள். எங்கள் பங்குச் சாமியாருக்கும் நிறுவனத்துக்கும் சமூகக் கூடத்தை வாடகைக்கு விடுவதில் ஏதோ தகராறு. அதனால் எங்கள் ஊருக்கு ஊசி வரவில்லை. நான் முழுசாக இருப்பதற்கு இதுதான் காரணம். இவ்வளவுதான் காரணம்.

ஊசிக்கு முன்னால் பெற்றோரைக் கூட்டி வைத்துப் படம் காட்டினார்களாம். கிளாட்வினின் அப்பா சூசை மாமா அதை எத்தனையோ முறை சொல்லியிருக்கிறார்.

"ஒரு பெரிய கொரங்கு, சிம்பன்சியாம். அந்த டாக்டரம்மா ஒரு கறுப்புப் பெட்டிய எடுத்து, மேல ரெண்டு தட்டு தட்டி, தாப்பாளத் தள்ளி, உள்ள இருந்த மிட்டாய எடுத்துக் காட்டுனா. கொரங்கும் தட்டுச்சி, தள்ளுச்சி, எடுத்துச்சி. அடுத்தால அதே மாதிரி கண்ணாடிப் பெட்டி. தட்டுறது சும்மா, தாப்பாதான் வேலை செய்யுதுன்னு வெளிய இருந்தே தெரியும். கொரங்கு தட்டல. நேரா தாப்பாளத் தள்ளி மிட்டாயத் தின்னுட்டு. பொறவு நம்ம பிள்ளையள ஒவ்வொண்ணா விட்டாவ. கண்ணாடிக்குள்ள அத்தனையும் தெரியுது, இதுவ தட்டிக்கிட்டே இருக்குதுவ."

"நீங்க என்ன செஞ்சிய மாமா?"

"நாங்க சிரிச்சோம். கொரங்குக்கு இருக்கிற புத்தி நம்ம பிள்ளையளுக்கு இல்லியேன்னு சிரிச்சோம். அந்தம்மாவும் அதத்தான் சொன்னா. மனுசன் காட்டுல திரிஞ்ச காலத்துல பெரியவன் செய்றத அப்பிடியே செஞ்சாத்தான் பொழைக்க முடியும், அதுக்குன்னு வளந்த மூளை இது, இப்ப அது தேவையில்ல. புஸ்தகம் இருக்கு, கம்ப்யூட்டர் இருக்கு, காரணம் கேட்டுத் தெரிஞ்சுக்கலாம். அந்தப் பழைய சுவிட்ச அணைச்சுட்டா பிள்ளைய சும்மா சும்மா காப்பி அடிக்காது, நேரா விசயத்துக்குப் போகும்னா."

போகத்தான் செய்தன. ஆறு மாதத்தில் கணக்கில் மதிப்பெண் இரட்டிப்பானது. எங்கள் கரைப் பிள்ளைகளின் படத்தைப் பெரிய தட்டியில் அடித்து நெடுஞ்சாலையில் வைத்தார்கள். ஒன்று மட்டும் எவரும் கேட்கவில்லை. இவ்வளவு நல்ல மருந்தை நகரத்துப் பெரிய பள்ளிகளில் முதலில் போடாமல், மீன்பிடிக்கிறவன் பிள்ளைக்கு ஏன் முதலில் போட்டார்கள்? எலிக்கும் குரங்குக்கும் அடுத்தபடியாக எங்களை வைத்தார்கள். அதற்கு எங்களையே நன்றி சொல்லவும் வைத்தார்கள்.

கிளாட்வின் கெட்டவர் இல்லை. இதை எழுதாவிட்டால் நான் பொய் சொன்னவள் ஆவேன். அவர் குடித்ததில்லை. கூட்டாளி குடிக்கிறான் என்று குடிக்கிற பழக்கம்தானே அது. அவருக்கு ஒட்டவில்லை. கை நீட்டியதில்லை. மனதில் இல்லாததை வாயில் சொன்னதில்லை. ஊர்ப் பெண்கள் என்னிடம், "ஒனக்கென்னட்டி, ஊசி போட்ட மாப்பிள்ளை" என்பார்கள். எனக்குக் காய்ச்சல் வந்தால் கஞ்சி வைத்து ஆற்றிக் கொடுப்பார். ஆனால் நெற்றியில் கை வைத்துப் பார்க்க மாட்டார். தெர்மாமீட்டர் இருக்கிறதே. அதில் பார்த்த எண்ணைச் சரியாகச் சொல்வார். நான் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொள்வேன்.

படித்த ஊசிப் பிள்ளைகளில் பாதிப் பேர் வெளியூர் போனார்கள். கிளாட்வினும் டிப்ளமோ முடித்துவிட்டுச் சென்னையில் இருந்தார். மாமாவுக்கு முழங்கால் விட்டுப்போனதும் திரும்பி வந்தார். மாமா சங்கு குளிக்கிறவர். படகில் கம்ப்ரசர் ஓடும். அதிலிருந்து காற்று வரும் குழாயை வாயில் கவ்விக்கொண்டு அடியில் போய் மணலில் புதைந்திருக்கும் சங்கைப் பொறுக்கி வர வேண்டும். மாமா மேலே உட்கார்ந்து குழாயைப் பார்த்துக்கொள்வதென்றும் மகன் இறங்குவதென்றும் ஏற்பாடு.

முதல் நாளே சண்டை. வலை பின்னும் கொட்டகையில் நான் சாப்பாடு கொண்டுபோன நேரம்.

"ஏல, படகுலருந்து எறக்குற கயித்துல நடுவுல ஒரு முடிச்சு போட்டிருக்கு பாத்தியா? மேல வரும்போது அதப் பிடிச்சு நிக்கணும். நின்னு பத்து அருள்நிறை மந்திரம் மனசுக்குள்ள சொல்லணும். பொறவுதான் மேல வரணும்."

"எதுக்கு?"

"மாதாவுக்கு."

"மாதாவுக்கு நான் கரைக்கு வந்து இருவது சொல்லுதேன். தண்ணிக்குள்ள நின்னு வெறைக்கணுமா?"

"எங்க பெரியப்பா நின்னாரு. எங்க அண்ணன் நின்னாரு. நான் முப்பது வருசம் நின்னேன்."

"நீங்க எறங்கும்போது கிழக்க பாத்துத் துப்பவும் செஞ்சிய. படகுல பாவக்கான்னு பேரு சொல்லக் கூடாதுன்னு சொன்னிய. அதையும் செய்யணுமா?"

"எல்லாந்தான்."

"சரிப்பா, இதுல எது மாதாவுக்கு, எது கடலுக்கு, எது சும்மா? அத மட்டும் சொல்லுங்க. நான் செய்யுதேன்."

மாமா துண்டை உதறித் தோளில் போட்டார். "அது தெரிஞ்சா நான் ஏம்ல ஒங்கூட நின்னு கத்திக்கிட்டுக் கெடக்கேன்?"

கிளாட்வின் சிரித்தார். நானும் சிரித்தேன். அவர் கேட்டது நியாயமான கேள்வி. இப்போது நினைத்தாலும் நியாயமான கேள்விதான். அதற்குப் பதில் வைத்திருந்த ஒருவர்கூட எங்கள் கரையில் இல்லை என்பதுதான் விஷயம்.

இரண்டு மாதம் அவர் முடிச்சில் நிற்காமல்தான் வந்தார். ஒன்றும் ஆகவில்லை. "பாத்தியளா" என்று அப்பாவிடம் சொன்னார். சாயங்காலங்களில் தோளிலும் முட்டியிலும் வலி என்று தைலம் தேய்த்துக்கொள்வார். புது வேலை, உடம்பு பழக வேண்டும் என்றார். அந்தக் காரணமும் சரியாகத்தான் இருந்தது. கரையோரத்தில் சங்கு குறைந்துவிட்டதால் குக்கர் திருகை இறுக்கிக் கொடுத்த அன்றைக்கு இன்னும் வெளியே போய், கடலடித் திட்டான ஆழமான ஒரு பாரில் இறங்கினார். நிறையச் சங்கு கிடந்ததாம். வெகுநேரம் கீழே இருந்திருக்கிறார். பையை நிறைத்துக்கொண்டு நேராக மேலே வந்திருக்கிறார்.

படகில் ஏறி உட்கார்ந்து, "தோளு அரிக்குப்பா" என்றாராம். பிறகு, "கால் எனக்கு இருக்கா?" என்று கேட்டாராம். பிறகு இருமல். கரைக்கு வந்தபோது நான் ஓடினேன். கண் திறந்திருந்தது. என்னைப் பார்த்தார். மூச்சு உள்ளே போவது தெரிந்தது, வெளியே வருவது தெரியவில்லை. ஆஸ்பத்திரி வாசலுக்குப் போகும் முன்னால் முடிந்துவிட்டது.

பணியிலிருந்த சின்ன வயது டாக்டர் மாமாவைத் தனியாக அழைத்துக் கேட்டார். நானும் கூட நின்றேன்.

"மேல வரும்போது நடுவில எங்கயாவது நின்னு வந்தாரா?"

"நிக்கச் சொன்னேன் சார். நிக்க மாட்டான்."

"ஏன் நிக்கணும்னு சொன்னீங்களா?"

"மாதாவுக்குன்னு சொன்னேன்."

டாக்டர் மெதுவாகச் சொன்னார். "ஆழத்தில சுவாசிக்கிற காத்து அழுத்தத்தில ரத்தத்தோட கரைஞ்சிரும்ங்க. மெதுவா வந்தா அது மூச்சு வழியாப் போயிரும். சட்டுனு வந்தா சோடா பாட்டில் தெறந்த மாதிரி உள்ளேயே குமிழ் விடும். நடுவில நின்னு வரணும். அதுதான் வழி."

மாமா சுவரில் சாய்ந்தார். "அப்ப நாங்க நின்னது அதுக்கா?" என்றார். அவர் குரலில் அழுகை இல்லை. ஏமாற்றப்பட்டவனின் குரல் அது.

கம்ப்ரசர் வந்த புதிதில் எங்கள் கரையில் பலருக்குக் கை கால் விளங்காமல் போனதாம். எவரோ ஒருவர் பயத்தில் மாதாவுக்கு நேர்ந்துகொண்டு கயிற்றைப் பிடித்து நின்றிருக்கிறார். அவர் பிழைத்திருக்கிறார். அவரைப் பார்த்து நின்றவர்கள் பிழைத்தார்கள். நிற்காதவர்களைப் பார்த்துச் செய்ய ஆளில்லை, ஏனென்றால் அவர்கள் இல்லை. அவ்வளவுதான் நடந்தது. யாருக்கும் ஒரு மண்ணும் தெரியாமலே ஒரு கரை முழுக்க உயிரோடு இருந்தது.

பிறகு நான் பங்கு நூலகத்திலும் தூத்துக்குடியிலும் கிடைத்ததையெல்லாம் படித்தேன். ஆதியில் மனிதர்கள் லட்சக்கணக்கான வருடங்கள் ஒரே மாதிரிக் கல்லையே செதுக்கிக்கொண்டிருந்தார்கள் என்று படித்தேன். விஷக் கிழங்கை ஊற வைத்து நீரைக் கொட்டிவிட்டு உண்ணக் கற்றவர்களுக்கு விஷம் என்ன என்று தெரியாது என்றும் படித்தேன். ஒருவன் தலைக்குள் கொள்ளாத அறிவை ஆயிரம் தலைகளில் பங்கு வைத்துக் கொண்டுவந்த மிருகம் மனிதன். கைமாற்றும்போது எது கல், எது பொன் என்று பிரிக்கத் தெரியாததால் இரண்டையும் சேர்த்தே கைமாற்றினான். இது முன்மதிக்காரர்களுக்குத் தெரியாதா? நான் படித்த புத்தகங்களைவிட நூறு மடங்கு அவர்கள் படித்திருப்பார்கள். தெரிந்தும் அந்தச் சுவிட்சை ஒரு கோளாறு என்று எங்களிடம் சொன்னார்கள்.

முப்பதாம் நாள் பூசை முடிந்து வீட்டுக்கு வந்தபோது டாக்டர் மாதங்கி காரில் வந்து இறங்கினார். அன்று படம் காட்டிய அதே பெண். இப்போது முன்மதியில் பெரிய பதவி. என் கையைப் பிடித்துக்கொண்டார்.

"ரொம்ப வருத்தமா இருக்கும்மா. ஆனா நீங்க ஒண்ணு புரிஞ்சுக்கணும். அவருக்குக் காரணத்தச் சொல்லியிருந்தா கண்டிப்பா நின்னிருப்பார். சிகிச்சையில குறை இல்ல. அவருக்குத் தகவல் போய்ச் சேரல, அதுதான் குறை."

"யார் சொல்லியிருக்கணும் மேடம்?"

"தெரிஞ்சவங்க."

"தெரிஞ்சவங்க நீங்கதான். காரணம் கேட்காமச் செய்ற புத்திய எடுத்திய. எடுத்த எடத்துல காரணத்த வச்சியளா? எங்க கரையில எத்தனை காரணம் யாருக்கும் தெரியாமக் கெடக்குன்னு எண்ணிப் பாத்தியளா? வீட்ட இடிக்கிறவன்கூட உள்ள ஆள் இருக்கான்னு ஒரு சத்தம் குடுப்பான்."

அவர் என் கையை விட்டார். போகும்போது செலினைப் பார்த்து டாட்டா காட்டினார். செலின் பார்த்துக்கொண்டே இருந்தாள்.

செலின் வளர வளர என் பயமும் வளர்ந்தது. கதவுக் கொண்டியை ஒரு தரம் பார்த்ததும் திறந்துவிடுவாள். பாட்டுக்குக் கை தட்ட மாட்டாள். கோயிலில் எல்லாப் பிள்ளைகளும் முழங்காலில் நிற்கும்போது இவள் உட்கார்ந்திருப்பாள். ஊசி மூளைக்கு மட்டும்தான் போகும், வேறெங்கும் போகாது, பிள்ளைகளுக்கு இறங்காது என்று நிறுவனம் சொல்லியிருந்தது. இறங்கியிருந்தால்? என் மகள் யாரைப் பார்த்தும் எதையும் எடுத்துக்கொள்ளாமல் வளர்ந்தால், அவள் கேட்கும் ஒவ்வொரு ஏனுக்கும் நான் எங்கே போவேன்? எந்தப் பதில் தெரியாமல் அவளைப் பறிகொடுப்பேன்?

வக்கீல் ஜோவிட்டா ஊசியை நிறுத்தக் கேட்டு எங்களுக்காக மனு போட்டார். கரையில் இன்னும் இரண்டு வீட்டில் ஊசி போட்ட அப்பாக்களுக்குப் பிள்ளைகள் இருந்தன. ஆனால் கைக்குழந்தைகள். மூன்று வயது ஆனால்தான் கண்ணாடிப் பெட்டிச் சோதனை தெளிவாகச் சொல்லும் என்றார்கள். செலினுக்கு மூன்று முடிந்ததும் மதுரையில் விசாரணைக் குழு கூடியது. ஓய்வுபெற்ற நீதிபதி ஒருவர் தலைவர். அதற்குள் முன்மதி நான்கு மாவட்டங்களுக்குப் போயிருந்தது.

வராந்தாவில் ஜோவிட்டா என் காதருகே சொன்னார். "அக்கா, புள்ள தட்டலன்னா நாம ஜெயிச்சோம். பரம்பரையா இறங்குதுன்னு ஆயிரும். அன்னைக்கே எல்லாப் பள்ளிக்கூடத்திலயும் ஊசி நிக்கும்."

"தட்டிட்டான்னா?"

"தட்டிட்டான்னா புள்ள நல்லாருக்கா. அவங்க ஜெயிச்சாங்க."

அவர் நல்லவர். வேறு எப்படிச் சொல்வார்? ஆனால் அந்த இடத்தில் என்னைக் கொண்டுபோய் நிறுத்தியவர்களை நான் எப்போதும் மன்னிக்கப் போவதில்லை. ஊரிலுள்ள பிள்ளைகளெல்லாம் தப்ப வேண்டுமானால் என் பிள்ளை பாழாகியிருக்க வேண்டும். என் பிள்ளை நன்றாக இருந்தால் மற்ற பிள்ளைகளுக்கு ஊசி. ஒரு தாயை இப்படி நிறுத்திவிட்டு, எல்லாரும் குளிரூட்டிய அறையில் தண்ணீர் பாட்டிலைத் திறந்து குடித்துக்கொண்டிருந்தார்கள்.

கண்ணாடிப் பெட்டியை மேசையில் வைத்தார்கள். டாக்டர் மாதங்கி செலினுக்கு எதிரே உட்கார்ந்தார். ஒன்றும் பேசாமல் பெட்டியின் மேல் இரண்டு தட்டு தட்டினார். தாழ்ப்பாளைத் தள்ளினார். ஆரஞ்சு மிட்டாயை எடுத்துக் காட்டினார். திரும்ப உள்ளே வைத்தார், மூடினார், தாழிட்டார். மறுபடியும் முதலிலிருந்து ஒரு முறை. பிறகு இரண்டு கைகளாலும் பெட்டியைச் செலின் பக்கம் நகர்த்தினார்.

செலினின் கை நேராகத் தாழ்ப்பாளுக்குப் போனது. ஜோவிட்டா மூச்சை இழுத்துப் பிடித்தார். தட்டு, தட்டு என்று உள்ளே கத்தினேன். எல்லாப் பிள்ளைகளையும் அந்த ஒரு கணத்தில் கைவிட்டேன், கைவிட வைத்தார்கள்.

அவள் தாழ்ப்பாளிலிருந்து கையை எடுத்தாள். டாக்டர் முகத்தைப் பார்த்தாள். பெட்டியின் மேல் தட்டினாள். ஒன்று. இரண்டு.

பிறகு தாழ்ப்பாளைத் தள்ளி மிட்டாயை எடுத்தாள். உயர்த்திக் காட்டினாள். தின்னவில்லை. திரும்ப உள்ளே வைத்தாள், மூடினாள், தாழிட்டாள். இரண்டு கைகளாலும் பெட்டியை டாக்டர் பக்கம் நகர்த்தினாள்.

அறையே சிரித்தது. நீதிபதியும் சிரித்தார். ஜோவிட்டா கோப்பை மூடினார்.

பரம்பரையாக இறங்குவதற்கு ஆதாரம் இல்லை என்று எழுதினார்கள். ஒரு சங்கு குளிப்பவர் பாதுகாப்பு முறை தெரியாமல் இறந்தது வருந்தத்தக்கது என்றும் ஒரு வரி இருந்தது.

வெளியே வரும்போது டாக்டர் மாதங்கி வந்து செலினின் கன்னத்தைத் தொட்டார். "எவ்வளவு கவனமாப் பாக்கிறா. அஞ்சு வயசானதும் கூட்டிட்டு வாங்கம்மா. இப்ப புது மருந்து. உங்க கணவருக்குப் போட்டது மாதிரி இல்ல. உயிர் சம்பந்தப்பட்ட பழக்கத்தையெல்லாம் விட்டுட்டு, வீணானத மட்டும் எடுத்துரும்."

"எது வீண்னு மருந்துக்கு யாரு சொல்லிக் குடுப்பா?"

"அதுக்கு நிபுணர் குழு இருக்கு."

"மேடம், அந்த மிட்டாய ஒவ்வொரு தடவையும் ஏன் திரும்ப உள்ள வச்சிய?"

அவர் வியப்பாகப் பார்த்தார். "அடுத்து வர்ற குழந்தைக்கு வேணுமில்லயா?"

"அது செலினுக்குத் தெரியாது. தெரியாமலே அவளும் வச்சா. ஒங்க ஊசியப் போட்டிருந்தா தின்னுட்டு வந்திருப்பா. அடுத்த பிள்ளை காலிப் பெட்டியத் தெறந்திருக்கும். ஒங்க நிபுணர் குழுவுல யாராவது அதப் பாத்தாவளா?"

கார் வந்தது. டாக்டர் ஏறிக்கொண்டார்.

முடிச்சில் எவ்வளவு நேரம் நிற்க வேண்டும் என்று அச்சிட்ட அட்டையை இப்போது நிறுவனமே படகுக்கு ஒன்றாகக் கொடுத்திருக்கிறது. ஊசி போட்டவர்கள் கைக்கடிகாரத்தைப் பார்த்து, அட்டையில் உள்ளபடி நிற்கிறார்கள். ஒரு நொடி கூடுவதுமில்லை, குறைவதுமில்லை. அட்டையில் இல்லாதது எதையும் அவர்கள் செய்வதில்லை. அட்டையில் இல்லாதது கடலில் இன்னும் என்னென்ன இருக்கிறதென்று யாருக்கும் தெரியாது. அது தெரியவர இன்னும் எத்தனை வீடு இருட்டாக வேண்டுமோ.

மாமா கடலுக்குப் போவதை விட்டுவிட்டார். படகை விற்கவில்லை. அந்தப் பாருக்கு மற்றவர்கள் போய்க்கொண்டுதான் இருக்கிறார்கள். அட்டையில் கணக்கு பத்துப் பாகம், அதாவது அறுபது அடி வரைக்கும்தான். அங்கே ஆழம் பதினொரு பாகம்.